பொத்தானில் இருக்கிறதா வரலாறு?

அமெரிக்க உள்நாட்டுப் போரில் 1863 ஜூலையில் மூன்று நாள் நடந்தது கெட்டிஸ்பர்க் சண்டை. செத்தவர், காயம்பட்டவர், பிடிபட்டவர், காணாமல் போனவர் என்று இருதரப்பிலும் சுமார் 51,000 பேர். அதன் 150-ஆம் ஆண்டான 2013-இல் ஆயிரக்கணக்கானோர் அங்கே கூடி அதே சண்டையை நடித்துக் காட்டினார்கள்.

எதற்காம்? வேலையை மறந்து நண்பர்களோடு கூடாரத்தில் தூங்கலாம். ஜூலை வெயிலில் கம்பளிச் சீருடை போட்டால், புத்தகத்தில் படித்தது உடம்பில் உறைக்கும். நியாயமான ஆசைதான்.

ஆனால் "வரலாற்றைக் காப்பாற்றுகிறோம்" என்கிறார்களே, அங்கேதான் இடிக்கிறது! பொத்தான் அசலா, தையல் கைத்தையலா என்று மல்லுக்கட்டுகிறவர்கள், சண்டை எதற்காக என்று கேட்டால் "இருபக்கமும் வீரம்" என்று நழுவுகிறார்கள். பிரிந்துபோன மிசிசிப்பி மாநிலம் 1861-இல் தன் அறிக்கையிலேயே அடிமைமுறைதான் காரணம் என்று எழுதி வைத்தது. தளபதி லீயின் தென்படை பென்சில்வேனியாவுக்குள் நுழைந்தபோது, அங்கே சுதந்திரமாக வாழ்ந்த கறுப்பின மக்களைப் பிடித்து அடிமைகளாகத் தெற்கே அனுப்பியது. வெற்றுத் தோட்டா வெடிக்கும் மைதானத்தில் அவர்கள் எங்கே?

அசல் போர்க்களத்தில் இந்தப் போலிச் சண்டைக்கு அமெரிக்கத் தேசியப் பூங்காத் துறை அனுமதி தருவதில்லை. சரியான முடிவு. பக்கத்துப் பண்ணை நிலத்தில் தாராளமாக நடிக்கட்டும். கூடவே, பிடித்துப் போகப்பட்டவர்களின் கதையையும் கூட்டத்துக்குச் சொல்லட்டும். சொல்ல மனமில்லையா? பொழுதுபோக்கு என்றே பெயர் வைத்துக்கொள்ளட்டும்.