கண்டம் செய்ய என்ன அவசரம்?

போன மாதம் மருமகள் அலமாரியை ஒழித்தபோது, செத்த ரிமோட், அறுந்த வயர்களோடு பெரிய பேரனின் 'பிளேஸ்டேஷன் வீட்டா'வும் பைக்குள் போய்விட்டது. பழைய பேப்பர்காரர் வாசலில் நின்றார். நான் கையைவிட்டு அதை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

"மாமா, அதை யாரும் தொட்டே அஞ்சு வருஷம் ஆச்சு" என்றாள்.

தொடவில்லை என்பது வேறு, உதவாது என்பது வேறு. நான் இருந்த அலுவலகத்தில் ஒரு நாற்காலியைக் கண்டம் செய்வதென்றாலும், இனி உதவாது என்று ஒருவர் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். இதற்கு யார் கையெழுத்துப் போட்டார்?

வீட்டா என்பது சோனி கம்பெனியின் கையடக்க விளையாட்டுப் பெட்டி. 2011 டிசம்பரில் ஜப்பானில் வந்தது. ஐந்து அங்குலத் திரை, இரு பக்கமும் பொத்தான்கள். 2019-இல் தயாரிப்பையே நிறுத்திவிட்டார்கள். அதற்கென்று புதிய விளையாட்டுகள் வருவதும் அநேகமாக நின்றுவிட்டது. அதனால்தான் பேரனும் அதை ஓரம் கட்டினான்.

ஆனால் ஆர்வலர்கள் சிலர் ஒரு வழி கண்டிருக்கிறார்கள். ஆண்ட்ராய்டு போனில் இருப்பதும் வீட்டாவில் இருப்பதும் 'ஆர்ம்' என்ற ஒரே இனத்து மூளை. ஆகவே போன் விளையாட்டை அப்படியே இதில் ஏற்றி ஓடவைக்கலாம். வேறு ஊருக்கு மாற்றலாகி வரும் குமாஸ்தாவுக்கு வேலை தெரியும். ஃபைல் எங்கே, முத்திரை எங்கே என்பதுதான் தெரியாது. பக்கத்தில் ஒருவர் நின்று அவர் கேட்பதையெல்லாம் எடுத்துக் கொடுத்தால் போதும். அந்த 'ஒருவர்' வேலையைச் செய்ய ஒரு சிறு புரோகிராம் எழுதுகிறார்கள். 2004-இல் பிளேஸ்டேஷன் 2-க்கு வந்து, 2013-இல் போனுக்கு மாறிய 'ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ்' 2021-இல் இப்படித்தான் வீட்டாவுக்கு வந்தது. (அது சிறுவர்களுக்கு ஆகாது. என் பேரன் கல்லூரியில் படிக்கிறான்.)

அதற்கென்றே உள்ள சார்ஜர் வயருக்காக அவன் ரிச்சி தெருவில் மூன்று கடை ஏறி இறங்கினான். ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க உட்கார்ந்து, போனில் ஏற்கெனவே காசு கொடுத்து வாங்கியிருந்த விளையாட்டை இதில் ஏற்றிவிட்டான்.

எல்லாம் ஓடாது. வீட்டாவுக்கு 32 பிட் புரோகிராம்தான் புரியும். இப்போது 64 பிட்டில் மட்டும் வரும் போன் விளையாட்டுகள் ஏறாது. கம்பெனி பூட்டிய பெட்டியைத் திறந்துதான் இதைச் செய்ய வேண்டும் என்பதும் உண்மை. கம்பெனிக்கு அது பிடிக்காது. என் கட்சி இதுதான்: விளையாட்டைத் திருடுவது தப்பு, காசு கொடுத்து வாங்கியதை, காசு கொடுத்து வாங்கிய பெட்டியில் ஆடுவது தப்பில்லை. 2021-இல் அந்தக் கம்பெனியே வீட்டாவின் கடையை மூடப்போவதாக அறிவித்து, வாடிக்கையாளர்கள் கூச்சல் போட்ட பிறகுதான் பின்வாங்கியது. கடையை நம்பி மட்டும் இருந்தால் நாளை நம் கையில் என்ன மிஞ்சும்?

இன்னொரு காரணமும் உண்டு. சென்ற வருஷம் சின்னப் பேரன் என் போனில் ஏதோ 'இலவச' விளையாட்டு ஆடினான். நடுவில் வந்த வைரமோ நாணயமோ எதையோ அமுக்கியிருக்கிறான். பென்ஷன் வந்த மூன்றாம் நாள் 1,840 ரூபாய் போயிற்று. குழந்தையைத் திட்டி என்ன பயன்? அமுக்க வைப்பதுதானே அந்த வியாபாரம். இந்தப் பழைய பெட்டியில் ஏற்றிய விளையாட்டு ஒருமுறை வாங்கியதோடு சரி. விளம்பரம் இல்லை, நெட் வேண்டாம், நடுவில் யாரும் கை நீட்டுவதில்லை.

"பரீட்சை சமயத்துல இது வேறயா மாமா?" என்கிறாள் மருமகள். நியாயமான கேள்வி. போனைப் பூட்டி வைத்தால் பாடக் குறிப்பும் அதோடு போய்விடும். இதைத் தாராளமாகப் பூட்டலாம்; சாவி இப்போது அவளிடம்தான்.

உங்கள் வீட்டு அலமாரியிலும் இப்படி ஒன்று தூங்கலாம். பேட்டரி உப்பியிருந்தால் சார்ஜ் போடாதீர்கள். இல்லையென்றால் ஒரு மணி நேரம் போட்டுப் பாருங்கள். உண்மையிலேயே செத்திருந்தால் மின்கழிவு எடுப்பவரிடம் கொடுங்கள். 2023 ஏப்ரல் முதல் அதற்குப் புதிய விதிகளே அமலில் இருக்கின்றன. பேப்பர்காரரிடம் மட்டும் போட்டுவிடாதீர்கள்.