தெற்கே ஒரு தலைமையகம் – எனது கருத்து



விமானப்படைன்னு சொன்னாலே நம்ம வகுப்புப் பையன்கள் சுகோய், தேஜஸ், ரஃபேல் என்று பெயர்களை அடுக்குவார்கள். "தெற்கு விமானப்படைத் தலைமையகம் எங்கே இருக்கு?" என்று கேட்டுப் பார்த்தேன். டெல்லின்னு ரெண்டு பேர், சென்னைன்னு நாலு பேர் சொன்னாங்க. சரியான விடை திருவனந்தபுரம்! அங்கே ஆக்குளம் என்ற இடத்தில் இருக்கிறது.

இந்திய விமானப்படை 1932 அக்டோபர் 8-ல் தொடங்கப்பட்டது. இன்று அதில் 7 கமாண்டுகள் உள்ளன. டெல்லி, ஷில்லாங், பிரயாக்ராஜ், காந்திநகர், திருவனந்தபுரம் ஆகிய ஐந்தும் களப்பணிக்கு உரியவை. பெங்களூரு பயிற்சிக்கு, நாக்பூர் பராமரிப்புக்கு. களப்பணிக்கான ஐந்தில் கடைசியாகப் பிறந்தது நம் தெற்கு கமாண்டுதான். 1984 ஜூலை 19-ல் தொடங்கினார்கள்.

ஏன் இவ்வளவு தாமதம்? பாகிஸ்தான், சீனா எல்லைகள் வடக்கே இருப்பதால் எல்லார் கவனமும் அங்கேயே இருந்தது. ஆனா கடலும் ஒரு எல்லைதானே? எண்ணெய்க் கப்பல்கள் போகும் பாதை இந்தியப் பெருங்கடலில்தான் இருக்கிறது. அதனால்தான் இரண்டாம் உலகப்போர் காலத்து ஓடுபாதைகள் மறுபடி உயிர் பெற்றன. தஞ்சாவூர் 2013-ல் விமானப்படைத் தளம் ஆனது. 2020-ல் அங்கே சுகோய் படைப்பிரிவு வந்தது. சூலூருக்கு 2018-ல் முதல் தேஜஸ் படைப்பிரிவு வந்தது.

"ஆபீஸ்ல உக்காந்து ஃபைல் பாக்குறவங்க என்ன வீரர்கள்?" என்று ஒருவன் கேட்டான். நான் இதை ஒத்துக்க மாட்டேன். எந்த விமானம், எங்கிருந்து, எதை ஏற்றிக்கொண்டு போக வேண்டும் என்று யாராவது முடிவு செய்தால்தானே அது கிளம்பும்? தலை இல்லாமல் கை, கால் மட்டும் ஓடுமா?

அந்த வேலை போருக்கு மட்டும் இல்லை. 2004 டிசம்பர் 26 சுனாமியில் கார் நிக்கோபார் விமானப்படைத் தளத்தில் மட்டும் வீரர்களும் குடும்பத்தினருமாக 100 பேருக்கு மேல் இறந்தார்கள். அப்படியும் மிச்சமிருந்த ஓடுபாதையில் விமானங்கள் இறங்கி மக்களை மீட்டன. 2017-ல் ஒக்கி புயலில் கடலில் மீனவர்களைத் தேடினார்கள். 2018-ல் கேரள வெள்ளத்தில் மொட்டை மாடியில் தவித்தவர்களைத் தூக்கினார்கள்.

2023 டிசம்பரை நம்ம தூத்துக்குடி மாவட்டத்தில் யாராலும் மறக்க முடியாது. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ. மழை. ஸ்ரீவைகுண்டத்தில் ரயில் நின்றுபோய் பயணிகள் மாட்டிக்கொண்டார்கள். ரோடும் இல்லை, கரண்டும் இல்லை. ஹெலிகாப்டரில் இருந்துதான் சாப்பாட்டுப் பொட்டலம் வந்தது. அது வருகிறவரை பசித்த பிள்ளைகளுக்கு ஒவ்வொரு மணி நேரமும் ஒரு நாள் மாதிரி இருந்திருக்கும்.

அதனால் என் கருத்து இதுதான். ஒவ்வொரு வருஷமும் அக்டோபர் முதல் டிசம்பர் வரை மதுரையிலோ தூத்துக்குடியிலோ மீட்பு ஹெலிகாப்டர்களைத் தயாராக நிறுத்தி வைக்க வேண்டும். செலவு ஆகும் என்பார்கள். பேய்மழையில் ஹெலிகாப்டரும் பறக்க முடியாது என்பார்கள். உண்மைதான். ஆனா மழை விட்ட அடுத்த நிமிஷம் பக்கத்தில் இருப்பதுதானே முதலில் வரும்? வெள்ளம் வருமுன் அணை போட வேண்டும் என்று பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்!

தோழிகளே, இன்னொரு விஷயம். 2016-ல் அவனி சதுர்வேதி, பாவனா காந்த், மோகனா சிங் ஆகிய மூன்று பெண்கள் முதல் போர் விமானிகள் ஆனார்கள். விமானம் ஓட்ட மட்டும் இல்லை, அந்தத் தலைமையகத்தில் உட்கார்ந்து முடிவெடுக்கவும் நாம் போகலாம். அதற்குக் கணக்கும் இயற்பியலும் வேண்டும். பிளஸ் ஒன்னில் என்ன குரூப் எடுக்கலாம் என்று இப்பவே யோசியுங்கள்.



– 9-ஆம் வகுப்பு மாணவி