நாசிக் ஒயின் தோட்டத்துக்கு ஒருநாள் பயணம்: பந்தலைப் பிரிக்கும் முன்...

கேள்வி: எங்கள் பகுதியில் பன்னீர் திராட்சை சாகுபடி செய்யும் உழவர்கள் 20 பேர் சேர்ந்து ஷீரடி போகிறோம். அப்படியே நாசிக் ஒயின் தோட்டங்களையும் ஒருநாள் பார்த்துவிட்டு வரலாம் என்று பயண ஏற்பாட்டாளர் சொல்கிறார். வழிகாட்டியோடு தோட்டம், ஆலை எல்லாம் காட்டி, ஒயினைச் சுவைக்கவும் தருவார்களாம். எங்களில் இரண்டு பேர், திரும்பி வந்ததும் பன்னீர் பந்தலைப் பிரித்துவிட்டு ஒயின் ரகம் நடுவது என்ற முடிவிலேயே இருக்கிறார்கள். இந்தப் பயணத்தால் விவசாயிக்குப் பிரயோஜனம் உண்டா?

- வாசகர், உத்தமபாளையம்.

பதில்: பிரயோஜனம் உண்டு. ஆனால், அந்த இரண்டு பேரும் முடிவை ஊரிலேயே வைத்துவிட்டுப் போக வேண்டும்.

முதலில் காலம். நாசிக்கில் திராட்சைக்கு ஆண்டுக்கு இரண்டு கவாத்து. ஏப்ரலில் அடிக்கவாத்து, செப்டம்பர், அக்டோபரில் காய்க்கவாத்து. ஆனால், அறுவடை ஒன்றுதான். ஒயின் ரகங்கள் ஜனவரியிலிருந்து மார்ச் வரை ஆலைக்கு வருகின்றன. அந்த மாதங்களில் போனால் கொடியில் கொத்தையும் பார்க்கலாம், ஆலையில் பழம் அரைபடுவதையும் பார்க்கலாம். ஜூலையில் போனால் பச்சைப் பசேலென்று இலையும் மழையும்தான். புகைப்படத்துக்கு நன்றாக இருக்கும். விவசாயிக்கு அது பாதிப் பயணம்.

தோட்டங்கள் ஒரே இடத்தில் இல்லை. நகருக்கு மேற்கே கங்காபூர் அணையை ஒட்டிச் சூலா, யார்க், சோமா ஆகியவை அடுத்தடுத்து இருக்கின்றன. மும்பை சாலையில் இகத்புரி பக்கம் க்ரோவர் சாம்பாவும் வலோனேயும். திண்டோரியில் ஷாந்தோன். மூன்று திசையையும் ஒரே நாளில் சுற்றினால் வண்டியில்தான் பொழுது போகும். ஒரு திசையை எடுத்துக்கொண்டு இரண்டு தோட்டம் பார்த்தால் போதும். மிச்ச நேரத்தில் நிபாட் அல்லது திண்டோரியில் சாப்பாட்டுத் திராட்சை போடும் ஒரு விவசாயியின் தோட்டத்தைப் பார்ப்பது, மூன்றாவது ஒயின் தோட்டத்தைவிட அதிகம் கற்றுத்தரும். இதைப் பயண ஏற்பாட்டாளர் தானாகச் செய்ய மாட்டார். முன்கூட்டியே கேட்டு வாங்க வேண்டும்.

இந்தப் பகுதியில் ஒயின் தொழில் வளர்ந்த கதை நீளமானது அல்ல. அமெரிக்காவில் படித்து, அங்கேயே கணினி நிறுவனத்தில் வேலை பார்த்துத் திரும்பிய ராஜீவ் சாமந்த், நாசிக்கில் இருந்த குடும்ப நிலத்தில் 1990-களின் பிற்பகுதியில் ஒயின் ரகங்களை நட்டார். சூலாவின் முதல் ஒயின் 2000-ல் வெளிவந்தது. 2001-ல் மகாராஷ்டிர அரசு திராட்சை பதப்படுத்தும் தொழிலுக்கென்றே தனிக் கொள்கை கொண்டுவந்து, கலால் வரியில் சலுகை கொடுத்தது. நாசிக் மாவட்டம் விஞ்சூரிலும் சாங்லி மாவட்டம் பலூஸிலும் ஒயின் பூங்காக்கள் அமைந்தன. 2005-ல் சூலா தன் தோட்டத்திலேயே சுவைக்கூடம் திறந்தது. ஆலை வாசலிலேயே பாட்டிலை விற்கலாம், தங்கும் விடுதியும் நடத்தலாம் என்ற நிலை வந்த பிறகுதான் சுற்றுலாக் கூட்டம் குவியத் தொடங்கியது. கம்பத்தோடு ஒப்பிடும்போது இந்த இடத்தை மறக்கக் கூடாது. தமிழகத்தில் மதுவின் மொத்த விற்பனையும் சில்லறை விற்பனையும் டாஸ்மாக் கையில்தான். ஒயின் தயாரிக்க மதுவிலக்கு ஆயத்தீர்வைத் துறையின் உரிமம் வேண்டும். தோட்டத்து வாசலில் மேஜை போட்டு விற்கும் அந்த வியாபாரத்தை அப்படியே இங்கே கொண்டுவர வழியில்லை.

இனி தோட்டத்துக்குள் போகலாம். முதலில் கண்ணில் படுவது, தலைக்கு மேலே பந்தல் இல்லை என்பதுதான். ஒயின் ரகங்களைக் கம்பி வேலிபோல வரிசையாக, செங்குத்தாகப் படரவிட்டிருப்பார்கள். கொத்துகள் இடுப்பு உயரத்தில் ஒரே மட்டத்தில் தொங்கும். பழத்தைப் பார்த்தால் ஏமாற்றமாக இருக்கும். சுண்டைக்காய் அளவு, தடித்த தோல், உள்ளே விதை. வழிகாட்டி அனுமதித்தால் ஒன்றை வாயில் போட்டுப் பார்க்கலாம். இனிப்பு பன்னீரைவிடத் தூக்கலாக இருக்கும்.

அந்த இனிப்புதான் கணக்கு. ஈஸ்ட் என்னும் நுண்ணுயிர் சர்க்கரையைத் தின்று ஆல்கஹாலாக மாற்றுகிறது. பழச்சாற்றின் பிரிக்ஸ் அளவை 0.55-ஆல் பெருக்கினால் கிடைக்கப்போகும் ஆல்கஹால் சதவிகிதம் தோராயமாகத் தெரிந்துவிடும். 23 பிரிக்ஸில் அறுத்த ஒயின் ரகத்தில் 12.5 சதவிகிதத்துக்குக் கொஞ்சம் மேலே. 16 பிரிக்ஸில் அறுத்த பன்னீரில் 9 சதவிகிதத்துக்கும் கீழே. இவ்வளவு குறைந்தால் ஒயின் சீக்கிரம் கெட்டு, புளித்துக் காடியாகிவிடும். சர்க்கரை சேர்த்தால்தான் தாங்கும். பன்னீரில், அதாவது மஸ்கட் ஹாம்பர்க் ரகத்தில், ஒயின் செய்யவே முடியாது என்பதல்ல. அதன் வாசனை அருமையானது. ஆனால், 2 ஆண்டில் 5 அறுவடை எடுக்கும் வேகத்தில் விளையும் பழம் சந்தைக்கு ஏற்றது. ஒயினுக்குத் தேவையான சர்க்கரை அதில் ஏறுவதில்லை.

சுமார் 600 மீட்டர் உயரத்தில் இருக்கும் நாசிக்கில் குளிர்காலப் பகல் வெயிலாகவும் இரவு நல்ல குளிராகவும் இருக்கும். நிபாட் பக்கம் சில ஆண்டுகளில் குளிர் தாங்காமல் பழம் வெடித்துவிடும் என்று விவசாயிகள் தோட்டத்துக்குள் தீ மூட்டுவதும் உண்டு. இரவு குளிர்வதால்தான் பழத்தில் புளிப்பு குறையாமல் இனிப்பு ஏறுகிறது. கம்பம் பள்ளத்தாக்கின் வெதுவெதுப்பான இரவுகளில் புளிப்பு வேகமாகக் கரைந்துவிடும். புளிப்பில்லாத ஒயின் உப்பில்லாத குழம்பு மாதிரி.

ஆலைக்குள் நேரம் அதிகம் பிடிக்காது. காம்பு பிரித்து நசுக்கும் இயந்திரம், குளிரூட்டிய துருப்பிடிக்காத எஃகுத் தொட்டிகள், 225 லிட்டர் ஓக் மரப் பீப்பாய்கள். ஒன்றை மட்டும் கவனித்தால் போதும். கறுப்புத் திராட்சையின் சாறும் பெரும்பாலும் நிறமற்றதுதான். தோலோடு சேர்த்து நொதிக்க வைத்தால் சிவப்பு ஒயின், சாற்றை மட்டும் பிழிந்து நொதிக்க வைத்தால் வெள்ளை. காலால் மிதிக்கும் நிகழ்ச்சி சுற்றுலாக்காரர்களுக்கான விளையாட்டு. அதில் விவசாயி காசு செலவழிக்க வேண்டியதில்லை. ஊரில் வயலை மிதித்தது போதும்.

சுவைக்கூடம்தான் இந்தப் பயணத்தின் முக்கியமான இடம். அதற்கு முன் வெற்றிலை பாக்கு, புகையிலை, காரமான சாப்பாடு வேண்டாம். ஜவ்வாது, சென்ட் பூசியவர் பக்கத்தில் நின்றாலும் மணம் தெரியாது. ஒவ்வொரு கோப்பையிலும் சுமார் 30 மில்லி ஊற்றுவார்கள். வெள்ளையில் தொடங்கிச் சிவப்பு, கடைசியில் இனிப்பு என்று ஐந்தாறு வகை வரும். வெளிச்சத்தில் நிறம் பார்த்து, கோப்பையைச் சுழற்றி, மூக்கை உள்ளே விட்டு மோந்து, ஒரு வாய் எடுத்து நாக்கு முழுக்கப் பரவவிட்டு, பக்கத்தில் வைத்திருக்கும் பாத்திரத்தில் துப்பிவிடலாம். துப்புவது மரியாதைக் குறைவு இல்லை. ஒயினைச் சோதிப்பதையே தொழிலாகக் கொண்டவர்கள் துப்பத்தான் செய்கிறார்கள். ஆறு வகையையும் விழுங்கினால் 180 மில்லி. இரண்டு தோட்டத்தில் விழுங்கினால் கிட்டத்தட்ட அரை பாட்டில் ஆகிவிடும். பிறகு எந்த ஒயினும் நல்ல ஒயின்தான். குடிப்பழக்கம் இல்லாதவர்கள் மோந்து பார்த்தாலே விஷயத்தில் பெரும்பகுதி பிடிபட்டுவிடும்.

தோட்டக்காரரின் நாக்கு இங்கே நகரத்துக்காரரைவிடக் கூர்மை. சாவ்ஞான் பிளாங்க் கோப்பையில் பச்சைக் குடைமிளகாயோ, அறுத்த புல்லோ மணந்தால், அது அந்த ரகத்தின் குணம். தூக்கலாக மணந்தால், இலை அடர்ந்து கொத்துக்கு வெயில் படவில்லை அல்லது பழம் முதிரும் முன் அறுத்துவிட்டார்கள் என்று அர்த்தம். ஷிராஸில் மிளகு வாசனை வரும். வெறும் ஒப்புமைக்காகச் சொல்வதல்ல. மிளகில் இருக்கும் அதே வாசனைப் பொருள் அந்தத் தோலிலும் இருக்கிறது. சிவப்பு ஒயின் நாக்கை இழுத்துப் பிடிக்கும். நாவல் பழம் தின்றால் பிடிக்கும் அதே துவர்ப்பு, தோலிலிருந்தும் விதையிலிருந்தும் வருவது. கடைசியாக வரும் இனிப்பு ஒயின், கொத்தைக் கொடியிலேயே கூடுதல் நாள் விட்டு அறுத்த பழத்தில் செய்தது. கவாத்தும் நிழலும் அறுவடை நாளும் கோப்பையில் இப்படித் தெரிவதைப் பார்க்கத்தான் விவசாயி அங்கே போக வேண்டும். பன்னீரில் முழு நிறம் வரும் முன்பே அறுத்து அனுப்பும் பழக்கம் உள்ளவர்களுக்கு இது நல்ல பாடம்.

சுற்றிக்காட்டும் வழிகாட்டி விருந்தோம்பல் துறை ஆள். அவரிடம் விலை, ஒப்பந்தம் பற்றிக் கேட்டால் சிரித்துவிட்டு அடுத்த கோப்பையை நீட்டுவார். போகும் முன்பே குழுவின் பெயரில் ஆலைக்கு எழுதி, தோட்ட மேலாளரைச் சந்திக்க அரை மணி நேரம் கேளுங்கள். அதைவிட முக்கியம், அந்த ஆலைக்குப் பழம் கொடுக்கும் விவசாயி ஒருவர். அவரிடம் கேட்க வேண்டியவை: ஒப்பந்தம் எத்தனை ஆண்டு? விலை பிரிக்ஸ் அளவுக்கு ஏற்ப மாறுமா? மழையில் பிரிக்ஸ் குறைந்தால் பழத்தை எடுப்பார்களா, திருப்பி அனுப்புவார்களா? பணம் எத்தனை நாளில் கைக்கு வரும்? ஏக்கருக்கு இவ்வளவுதான் விளையலாம் என்று கொத்துகளை வெட்டிப் போடச் சொல்கிறார்களே, அந்த நஷ்டம் விலையில் ஈடாகிறதா?

இன்னொன்றும் கேட்கலாம். 2008-ன் இறுதியிலிருந்து ஓரிரு ஆண்டு என்ன நடந்தது? மும்பைத் தாக்குதலும் உலகப் பொருளாதார மந்தமும் ஒன்றாக வந்ததில் ஒயின் விற்பனை விழுந்தது. தொட்டிகளில் சரக்கு தேங்கியது. ஆலைகள் பழம் வாங்குவதைக் குறைத்தன. சாப்பாட்டுத் திராட்சை போட்டவர் தாம்சன் சீட்லெஸுக்கு விலை இல்லையென்றால் உலர்த்திக் கிஸ்மிஸ் ஆக்கினார். விதையும் தடித்த தோலுமாக இருக்கும் ஒயின் திராட்சையைச் சந்தையில் வைத்தால் யார் வாங்குவார்? பலர் கொடியை வேரோடு பிடுங்கிவிட்டுச் சாப்பாட்டு ரகத்துக்குத் திரும்பினார்கள். ஒயின் ரகத்துக்கு வாங்குபவர் ஆலை மட்டும்தான். நாசிக்கிலாவது ஓர் ஆலை போனால் பக்கத்தில் இன்னோர் ஆலை உண்டு.

அந்த இரண்டு நண்பர்களும் போட வேண்டிய கணக்கு இதுதான். ஒயின் ரகம் நட்டால் விற்கத் தகுந்த மகசூல் மூன்றாம் ஆண்டில்தான். காத்திருக்கும் இரண்டு ஆண்டில் பன்னீர் ஐந்து முறை காய்த்திருக்கும். அந்த ஐந்து அறுவடையின் வருமானத்தையும், கல்தூணும் கம்பியும் பிரித்து வேறு விதமாக அமைக்கும் செலவையும் ஒரு தாளில் எழுதிப் பார்க்கட்டும். பக்கத்தில், பழம் வாங்க எழுத்துமூலம் ஒப்புக்கொண்ட ஆலையின் பெயரை எழுதட்டும். அந்த இடம் காலியாக இருந்தால் பந்தல் அப்படியே இருக்கட்டும். கம்பம் பன்னீர் திராட்சைக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. அதை வைத்துச் சாறு, ஸ்குவாஷ், நேரடி விற்பனை என்று யோசிப்பதற்கு இப்போதைக்கு இடம் அதிகம். ஆசை விடவில்லையென்றால் ஓரமாகப் பத்து இருபது செடி வைத்துப் பார்க்கலாம். அதற்கும் முன்பு ஆனைமலையன்பட்டி திராட்சை ஆராய்ச்சி நிலையத்தில் ஒரு வார்த்தை கேட்பது நல்லது.

கிளம்பும் முன் சில சில்லறை விஷயங்கள். ரயிலில் போவதானால் கல்யாணில் இறங்கி நாசிக் ரோடு நிலையத்துக்கு வண்டி மாறலாம். சுவைக்கூடத்தில் வயதுக்கான அடையாள அட்டை கேட்பார்கள். மதுவிலக்கு நாளாக அமைந்துவிட்டால் தோட்டம் மட்டும்தான் பார்க்க முடியும். நாள் குறிக்கும்போதே விசாரித்துவிடுங்கள். வெளிமாநில மதுவைத் தமிழகத்துக்குள் கொண்டுவரக் கட்டுப்பாடு இருப்பதால் பாட்டில் வாங்கிப் பையில் போட வேண்டாம்.

பையில் போடக் கூடாதது இன்னொன்றும் உண்டு: கவாத்துக் குச்சி. நல்ல செடியைப் பார்த்தால் ஒரு குச்சி ஒடித்து ஈரத்துணியில் சுற்றிக்கொள்வது நம் ஆட்களின் கைப்பழக்கம். அங்கே இருப்பவை பெரும்பாலும் டாக் ரிட்ஜ், 110ஆர் போன்ற வேர்ச்செடிகளில் ஒட்டுக்கட்டியவை. மேலே இருக்கும் குச்சி மட்டும் வந்தால் வறட்சியையும் உப்பையும் தாங்கும் அந்த வேர் கூட வராது. அடிச்சாம்பல் நோயும் செதில் பூச்சியும் வந்தாலும் வரும்.