உப்பளத்து நோட்டும் கொடைக்கானல் சூரியனும்

பி.காம். படிக்கிறவனுக்கு வானிலை எதுக்குன்னு கேக்கறீங்களா? மரக்காணம் பக்கம் வந்து பாருங்க. கோடையில ஒரு மழை அடிச்சா பாத்தியில விளைஞ்ச உப்பு கரைஞ்சு போகும். அன்னைக்கு வரவு பூஜ்யம்!

1876-78 பஞ்சத்துல சென்னை மாகாணத்துல லட்சக்கணக்கான பேர் செத்தாங்க. சூரியப் புள்ளிகளைக் கவனிச்சா பருவமழை பொய்க்கிறதை முன்னாடியே சொல்லிடலாம்னு அப்போ சில விஞ்ஞானிகள் நம்பினாங்க. அந்த நம்பிக்கையும் சேர்ந்துதான் 1899-ல கொடைக்கானல் சூரிய ஆய்வகம் வந்துச்சு.

மழை ஜோசியம் பலிக்கலை. ஆனா அங்கே எடுத்த சூரியப் படங்கள் நூறு வருஷத்தைத் தாண்டியும் பயன்படுது. துருவ ஒளி (அதாங்க, அரோரா) தோன்றுவதும் சூரியனோட சீற்றத்தாலதான். 2024 மே மாசம் லடாக்கின் ஹான்லேயில வானம் சிவந்துச்சே, அதுவும் அப்படித்தான். சூரியன் முன்னே எப்படி நடந்துக்கிச்சுன்னு பார்க்க அந்தப் பழைய படங்கள்தான் வேணும்.

அதனாலதான் சொல்றேன், உப்பளத்துப் பழைய கணக்கு நோட்டுகளை எடைக்குப் போடாதீங்க. எந்த நாள் உப்பு வாரலை, எந்த வாரம் கூலி இல்லைன்னு பார்த்தாலே மழை பெஞ்ச நாள் ஓரளவு தெரிஞ்சிடும். உப்பளக்காரங்க வீட்டுப் பசங்க யாராவது இதைப் படிச்சா, பரண்ல கிடக்கற நோட்டை முதல்ல போட்டோ எடுத்து வைங்கப்பா. செல்லு அரிக்கிறதுக்குள்ள :-)