மிலிட்டரி என்ன சீர்திருத்தப் பள்ளியா?

போன ஞாயிற்றுக்கிழமை எங்கள் குடியிருப்பு அசோசியேஷன் கூட்டத்தில் அந்த வாக்கியம் மறுபடியும் காதில் விழுந்தது. மூன்றாம் மாடிப் பையன்கள் லிஃப்ட் கண்ணாடியை உடைத்துவிட்டார்கள். ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர் தொண்டையைச் செருமிக்கொண்டு தீர்ப்பு சொன்னார்: "இவனுங்களை எல்லாம் ரெண்டு வருஷம் மிலிட்டரிக்கு அனுப்பணும் சார். அப்பதான் திருந்துவானுங்க." எல்லாத் தலைகளும் ஆடின. "இஸ்ரேலைப் பாருங்க" என்றார் இன்னொருவர். இஸ்ரேலில் எதைப் பார்ப்பது என்று அவரும் சொல்லவில்லை, யாரும் கேட்கவுமில்லை.

அந்த அறையில் மிலிட்டரிக்குப் போய் வந்தவர் ஒரே ஒருவர்தான் இருந்தார். டீ கொடுத்துக்கொண்டிருந்தார். எங்கள் இரவுக் காவலாளி. காலாட்படையில் பதினேழு ஆண்டு, ஹவில்தாராக ஓய்வு. ராணுவம் மனிதனை என்ன செய்யும் என்று அவரிடம் ஒரு வார்த்தை கேட்கலாம் என்று எவருக்கும் தோன்றவில்லை. சர்க்கரை குறைவு என்று மட்டும் சொன்னார்கள்.

முதலில் ஒன்று. உங்கள் வீட்டு உருப்படாத பையனை ராணுவம் எடுத்துக்கொள்ளாது ஐயா. ஆள்சேர்ப்பு முகாமில் 1.6 கிலோமீட்டர் ஓட்டம் வைப்பார்கள். பிறகு புல்-அப்ஸ். பிறகு காது, பல், கண், தட்டைப்பாதம், முட்டி தட்டுகிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்ப்பார்கள். எழுத்துத் தேர்வு உண்டு, நன்னடத்தைச் சான்றிதழ் உண்டு, போலீஸ் விசாரணை உண்டு. போலீஸ் ஸ்டேஷனில் பேர் இருந்தால் வாசலோடு சரி. விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து கண்மாய்க் கரையில் மாதக்கணக்கில் ஓடியவன்தான் உள்ளே போகிறான். அந்த ஒழுக்கத்தை அவன் ஊரிலிருந்தே கொண்டுபோகிறான். அரசாங்கம் அதற்குச் சீருடை மாட்டுகிறது. எங்கள் ஹவில்தார் திருந்துவதற்காகப் போகவில்லை. இரண்டு தங்கைகளின் கல்யாணத்துக்காகப் போனார். வேலூர்ப் பக்கம் கம்மவான்பேட்டை தலைமுறை தலைமுறையாக ஆள் அனுப்புகிற ஊர். அந்த ஊர்க்காரர்கள் எல்லாம் ஒழுங்கீனமாகப் பிறந்து தொலைத்தார்கள் என்றா சொல்கிறீர்கள்?

சரி, போனவன் அங்கே என்னதான் செய்கிறான்? சினிமாவில் பார்த்தால் விடுமுறையில்கூட நாலு பயங்கரவாதிகளைச் சுட்டுவிட்டுத்தான் சாப்பிட உட்காருவான். ஹவில்தாரைக் கேட்டால், "பாதி நாள் காத்துக்கிட்டு இருக்கிறதுதான் சார் வேலை. மீதி நாள் பனி அள்ளுறது" என்கிறார். சியாச்சினில் ஒரு முறை இருந்திருக்கிறார். அங்கே பற்பசை டியூபுக்குள்ளேயே உறைந்துவிடும். உலோகத்தை வெறுங்கையால் தொட்டால் தோல் ஒட்டிக்கொண்டு உரிந்து வரும். கூடாரத்துக்குள் மண்ணெண்ணெய் அடுப்பு எரிந்துகொண்டே இருப்பதால் துப்பினால் கரி வரும். பசிக்காது, தூக்கம் வராது, ஞாபகம் தப்பும். 1984 ஏப்ரலில் இந்தியப் படை அந்தப் பனியாற்றில் ஏறியது. அன்றிலிருந்து அங்கே செத்தவர்களில் பெரும்பாலோரைக் கொன்றது எதிரியின் குண்டு அல்ல, குளிரும் பனிச்சரிவும்தான். 2016 பிப்ரவரி 3 அன்று 19,600 அடி உயரத்தில் மெட்ராஸ் ரெஜிமென்ட்டின் 19-ஆவது பட்டாலியன் காவல்நிலை ஒன்று பனிச்சரிவில் புதைந்தது. பத்துப் பேர். நான்கு பேர் நம் தமிழ்நாட்டுக்காரர்கள். லான்ஸ் நாயக் ஹனுமந்தப்பாவைப் பல நாள் கழித்து உயிரோடு தோண்டி எடுத்தார்கள். 11-ஆம் தேதி டெல்லி மருத்துவமனையில் இறந்தார். இதில் அவர் எந்தக் கெட்ட பழக்கத்திலிருந்து திருந்தினார் என்று யாராவது எனக்கு விளக்கினால் தேவலை.

லீவு வேறு பெரிய கதை. ஆண்டுக்கு 60 நாள் வருடாந்திர விடுப்பு, 30 நாள் தற்செயல் விடுப்பு என்று விதியில் இருக்கிறது. எல்லையில் பதற்றம் என்றால் விதி மடித்து வைக்கப்படும். கிடைத்தாலும் கத்ராவிலிருந்து கன்னியாகுமரிக்கு வாரம் ஒரு ஹிம்சாகர் எக்ஸ்பிரஸ், மூன்று நாள் பயணம். ஹவில்தாரின் மூத்த மகள் இரண்டு வயது வரை அவரை "மாமா" என்றுதான் கூப்பிட்டிருக்கிறாள்.

திரும்பி வந்தவர் கதைக்கு வருவோம், அதைத்தான் யாரும் பேசுவதில்லை. சிப்பாயாகச் சேர்ந்தவர் முப்பத்தைந்து, நாற்பதுக்குள் வீடு திரும்பிவிடுவார். பிள்ளைகள் எட்டாவது, ஒன்பதாவது படித்துக்கொண்டிருப்பார்கள். பதினேழு வருஷம் எப்போது எழ வேண்டும், எதைச் சாப்பிட வேண்டும், எந்த ஊரில் இருக்க வேண்டும் என்று வேறு யாரோ முடிவு செய்த மனிதர் அவர். "வந்த புதுசுல ரேஷன் கார்டுல பேர் சேர்க்க எந்த ஆபீஸ் போகணும்னே தெரியல சார், எல்லாம் வீட்டுக்காரம்மாதான்" என்றார். மார்ட்டர் பீரங்கியை இருட்டில் கழற்றி மாட்டத் தெரியும் அவருக்கு. நம் ஊரில் அதற்கு என்ன வேலை கொடுப்பீர்கள்? கேட் திறக்கிற வேலைதான். அந்த ஒழுக்கம் ஒழுக்கம் என்கிறீர்களே, அதற்கு எங்கள் அசோசியேஷன் கொடுக்கும் மதிப்பு பன்னிரண்டு மணி நேர ஷிஃப்ட்டும், கார் உள்ளே வரும்போது அவர் அடிக்கிற சல்யூட்டும். சல்யூட் அழகாக இருக்கிறது என்பதற்காகவே எக்ஸ்-சர்வீஸ்மேன் வேண்டும் என்று ஏஜென்சியில் கேட்டு வாங்கினார்கள்.

"பென்ஷன் வருகிறதே, கேன்டீன் இருக்கிறதே" என்பது அடுத்த பாட்டு. கேன்டீன் என்றதும் இவர்களுக்கு ரம் பாட்டில்தான் ஞாபகம் வரும். பக்கத்து பிளாக்கில் ஒருவர் மாதாமாதம் ஹவில்தாரிடம், "உங்க கோட்டா எப்ப வருது அண்ணாச்சி?" என்று கேட்கிறார். அந்த ஒரு நாள் மட்டும் அவர் வாட்ச்மேன் இல்லை, அண்ணாச்சி. பென்ஷன் சும்மா வந்ததா? ஒரே பதவிக்கு ஒரே ஓய்வூதியம் கேட்டு 2015-இல் முன்னாள் படைவீரர்கள் ஜந்தர் மந்தரில் மாதக்கணக்கில் உட்கார்ந்தார்கள். மிக ஒழுக்கமாகத்தான் உட்கார்ந்தார்கள். சுதந்திர தினத்துக்கு முதல் நாள் டெல்லி போலீஸ் அவர்களைப் பிடித்துத் தள்ளியது. எழுபது வயதுக் கிழவர்கள், மார்பில் பதக்கங்களோடு.

ராணுவம் என்றால் வாய்மூடிக் கீழ்ப்படிவது என்று நினைப்பவர்கள் 1946 பிப்ரவரியையும் கொஞ்சம் புரட்டிப் பார்க்கலாம். பம்பாயில் 'தல்வார்' பயிற்சித் தளத்துக் கடற்படை மாலுமிகள் மோசமான சாப்பாட்டுக்கும் வெள்ளை அதிகாரியின் வசவுக்கும் எதிராக வேலைநிறுத்தம் செய்தார்கள். அது கப்பல் கப்பலாகப் பரவியது. எழுபது வருஷம் கழித்து, 2017 ஜனவரியில், எல்லைப் பாதுகாப்புப் படைச் சிப்பாய் தேஜ் பகதூர் யாதவ் தண்ணிப் பருப்பையும் கருகிய ரொட்டியையும் வீடியோ எடுத்துப் போட்டார். சில மாதங்களில் வேலை போயிற்று. பருப்பைக் காட்டியதுதான் ஒழுங்கீனமாம். கட்டாய ராணுவ சேவைக்கு உதாரணம் காட்டப்படும் தென் கொரியாவில் 2014-இல் ஒரு இளம் சிப்பாயைச் சக வீரர்களே அடித்துக் கொன்றார்கள். அவர்களும் "அனுப்பித் திருத்தப்பட்ட" பையன்கள்தான்.

'ரெண்டு வருஷம்' கோஷ்டியின் ஆசையைக் கிட்டத்தட்ட நிறைவேற்றவும் செய்துவிட்டார்கள். 2022 ஜூனில் வந்த அக்னிபாத் திட்டத்தில் நான்கே வருஷம் வேலை. நூற்றில் 25 பேரை வைத்துக்கொள்வார்கள். மற்றவர்கள் ஏறத்தாழ 11.71 லட்சம் ரூபாயோடு வீட்டுக்குப் போகலாம், பென்ஷன் கிடையாது. அறிவிப்பு வந்த வாரம் பீகாரில் ரயில்கள் எரிந்தன. அங்கேயும் தெருவில் இறங்கியவர்கள் விடியற்காலையில் ஓடிப் பழகிக்கொண்டிருந்த பையன்கள்தான். முதல் அணி சேர்ந்தது 2022 கடைசியில். அவர்களுடைய நான்கு வருஷம் 2026 கடைசியை ஒட்டி முடிகிறது. பலருக்கு அப்போது இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயதுதான் இருக்கும். மத்தியக் காவல் படைகளில் அவர்களுக்கு 10 சதவீத இடம் என்று 2022-இல் அறிவித்தார்கள். மத்திய அரசின் குரூப் சி வேலைகளில் முன்னாள் படைவீரர்களுக்கு 10 சதவீதம் என்று ஏற்கெனவே ஒரு விதி இருக்கிறது. அந்த இடங்களில் பெரும்பகுதி ஆள் போடாமலே கிடக்கிறது. பழைய பத்தை முழுசாகக் கொடுத்துவிட்டுப் புதிய பத்தைப் பற்றிப் பேசட்டும்.