விடுதலைத் தீர்ப்புக்குப் பிறகு

இரத்தினபுரி, கேகாலைத் தோட்டங்களிலிருந்து 1977 இலும் 1983 இலும் அடித்து விரட்டப்பட்ட குடும்பங்கள் நம்மில் பல. இன்றும் நம்மைத் தாக்கியவர் மீதான வழக்கில், நீதவான் ‘விடுதலை’ என்றால் அத்தோடு முடிந்ததா?

1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 318 ஆம் பிரிவின்படி, சட்டமா அதிபரே மேன்முறையீடு செய்யவேண்டும். அல்லது அவரது எழுத்துமூல அனுமதி வேண்டும். இத்தடை முற்றிலும் தீமையன்று. பொய் வழக்கில் விடுதலையான தோட்டத் தொழிலாளியையும் இதுவே காக்கிறது.

ஆனால் அடிபட்டவரின் வாயைக் கட்டலாமா? இந்தியாவில் 2009 இறுதியிலிருந்து, விடுதலைத் தீர்ப்பை எதிர்த்துப் பாதிக்கப்பட்டவரே மேன்முறையீடு செய்யலாம். அவ்வுரிமை இங்கும் வேண்டும். அதுவரை, தீர்ப்பின் பிரதியை உடனே பெற்று, காலம் கடக்குமுன் சட்டமா அதிபருக்கு எழுதுவோம்.