கட்டாயமில்லை என்றால் தேவையில்லையா?



நம் ஆயக்குடியில் பனி என்றால் மார்கழிப் பனிதான். வெயில் ஏறினால் போய்விடும். ஆனால் நம் பிள்ளைகள் சிலர் இப்போது கனடாவில், உறைபனியில் கார் ஓட்டுகிறார்கள். "குளிர்கால டயர் மாட்டியாச்சா?" என்று கேட்டால், "இங்கே அது கட்டாயமில்லை சார்" என்கிறார்கள். இந்தப் பதிலை என்னால் ஏற்க முடியவில்லை.

கியூபெக் மாகாணத்தில் டிசம்பர் 1 முதல் மார்ச் 15 வரை குளிர்கால டயர் கட்டாயம். டொராண்டோ இருக்கும் ஒன்டாரியோவில் அப்படிச் சட்டம் இல்லை. அதற்காக, மாகாண எல்லை தாண்டியதும் பனிக்கட்டி வழுக்காமல் இருக்குமா?

ரப்பர் குளிரில் இறுகும். 7 டிகிரி செல்சியசுக்குக் கீழே போனாலே 'ஆல் சீசன்' டயர் விறைத்துப் பிடிமானம் குறையும். குளிர்கால டயரின் ரப்பர் அந்தக் குளிரிலும் இளக்கமாகவே இருக்கும். பிரேக் பிடித்தால் வண்டி சீக்கிரம் நிற்கும்.

வாங்கும்போது கவனியுங்கள்:

1. டயரின் பக்கவாட்டில் மூன்று சிகரமுள்ள மலையும் அதற்குள் பனித்துகளும் வரைந்த சின்னம் இருக்க வேண்டும். 'எம் பிளஸ் எஸ்' எழுத்து மட்டும் இருந்தால் போதாது.

2. நான்கு சக்கரத்துக்கும் மாட்டுங்கள். முன்னால் மட்டும் மாட்டினால் வளைவில் பின்பக்கம் இழுத்துக்கொண்டு போகும்.

3. பழைய டயர் என்றால் பள்ளத்தின் ஆழத்தை அளந்து பாருங்கள். 4 மில்லிமீட்டரை நெருங்கிவிட்டால் பனிச்சாலைக்கு ஆகாது.

4. குளிரில் காற்றழுத்தம் குறையும். மாதம் ஒருமுறையாவது பாருங்கள்.

"இரண்டு செட் வாங்கினால் செலவாகுமே" என்பீர்கள். ஒரு செட் ஓடும்போது மற்றது தேயாமல் இருக்கும். ஒன்டாரியோவில் குளிர்கால டயருக்கு இன்சூரன்ஸ் கட்டணத்திலும் தள்ளுபடி உண்டு.

ஊரில் இருப்பவர்களுக்கும் இது பொருந்தும். இங்கே கார் டயருக்குச் சட்டம் கேட்பது 1.6 மில்லிமீட்டர் பள்ளம்தான். அந்த அளவுக்குத் தேய்ந்த டயரோடு ஐப்பசி மழையில் பழனி–கொடைக்கானல் மலைச்சாலை ஏறலாமா?

சட்டம் சொல்வது பாஸ் மார்க். 35 வாங்கினால் வகுப்பு ஏறிவிடலாம். அதை வைத்துப் பிள்ளைகளைப் பின்சீட்டில் ஏற்றிக்கொண்டு வழுக்குச் சாலையில் போக முடியாது. நல்ல டயர் மாட்டிய பிறகும் மெதுவாகவே போங்கள். கண்ணுக்குத் தெரியாத கறுப்புப் பனிக்கட்டியில் எந்த டயரும் முழுதாகக் காப்பாற்றாது.

கனடாவில் இருப்பவர்கள் நவம்பர் முடிவதற்குள் மாற்றிவிட்டு எனக்கு ஒரு வரி எழுதுங்கள்.